வெதுப்பொன்

பாய்த்துறை என்றொரு ஊர். அந்த ஊருக்கு வானத்தில் இரண்டு நிலவு. பெரிய நிலவைப் பார்த்து விதைப்பார்கள், அறுப்பார்கள், கல்யாணம் பேசுவார்கள். சின்ன நிலவு கடல்காரர்களுக்கு. ஒன்பது சின்ன நிலவு வளர்ந்து தேய்ந்தால் வடகடலுக்குப் போன கப்பல் திரும்ப வேண்டும் என்பார்கள். சொன்னபடி எந்தக் கப்பல் வந்திருக்கிறது!

ஊருக்குப் பின்னால் முகடுமலை. மலையில் கூராறு. அந்த ஆற்று மணலில்தான் வெதுப்பொன் கிடைக்கிறது. வேறெங்கும் கிடையாது. பொன் என்று பெயரே தவிர மினுமினுப்பெல்லாம் இல்லை. புளியங்கொட்டை அளவு, புளியங்கொட்டை நிறம்.

ஒருவர் அதை ஒரு பகல் முழுக்க விடாமல் பிடித்திருந்தால் அவருடைய உடம்புச் சூட்டை அது வாங்கிக்கொள்ளும். பிறகு அவர் எத்தனை கடல் தாண்டிப் போனாலும் சரி, வீட்டில் விட்டுப்போன பொன் அவர் கையைத் தொடுகிற மாதிரியே வெதுவெதுவென்று இருக்கும். அவர் உயிர் போனால் அதுவும் குளிர்ந்துவிடும்.

ஆண்டுக்கு ஏழெட்டுதான் அகப்படும். விலைக்குத் தருவதில்லை. கப்பலுக்குப் போகிறவன் வீட்டுக்கு ஒற்றைப் பிள்ளை என்றால் மட்டும் மலையிலிருக்கும் ஆசான் கொடுப்பார். குளிர்ந்துபோனால் வீட்டார் எடுத்து வந்து கூராற்றில் விட வேண்டும். விட்ட பிறகுதான் செத்தவர் பெயரைச் சொல்லி அழலாம், விளக்கு வைக்கலாம். அதுவரை வாய் திறந்து அழக் கூடாது. மணலில் பல காலம் கிடந்தால் அது பழைய சூட்டை மறந்து வேறு யாருக்காவது உதவும்.

நெருப்பில் மட்டும் காட்டக் கூடாது. நெருப்புப் பட்டால் அதற்குப் பிறகு அது வெறும் கூழாங்கல். பாய்த்துறையில் நடை பழகுகிற குழந்தைக்குக்கூட இது தெரியும்.

சேந்தனுக்கும் தெரியும். தெரிந்துதான் செய்தார்.

சேந்தன் கயிறு திரிப்பவர். அறுபது வயது. அவர் மனைவி தாழை. இரண்டு பிள்ளைகளைச் சின்னதிலேயே பறிகொடுத்து, மூன்றாவதாகப் பிழைத்தவன் ஆதன். அவன் கப்பலுக்குப் போகிறேன் என்று நின்றபோது தாழை ஒரே ஒரு வார்த்தைதான் சொன்னாள். "இவனும் போயிட்டா நான் இருக்க மாட்டேன்."

ஆதன் சிரித்துக்கொண்டே ஒரு பகல் முழுக்கக் கையை மூடி உட்கார்ந்திருந்துவிட்டு, பொன்னை அம்மா கையில் கொடுத்துவிட்டுப் போனான். தாழை அதை அரிசிப் பானையில் போட்டு வைத்தாள். காலையில் எழுந்ததும் முகம் கழுவுவதற்கு முன்னால் பானைக்குள் கையை விட்டு அதைத் தொட்டுப் பார்ப்பாள். "புள்ளை நல்லாயிருக்கான்" என்று சொல்லிவிட்டுத்தான் அடுப்பைப் பார்ப்பாள்.

கப்பல் போன ஐந்தாவது சின்ன நிலவில் ஒருநாள் சேந்தனுக்கு முன்னதாகவே விழிப்பு வந்துவிட்டது. என்னவோ தோன்றிப் பானைக்குள் கையை விட்டார். அரிசியும் பொன்னும் ஒரே மாதிரி குளிர்ந்திருந்தன.

அவர் கை காய்ப்புக் காய்த்த கை. அதை நம்பாமல் பொன்னைக் கன்னத்தில் வைத்துப் பார்த்தார். பிறகு கழுத்தில் வைத்துப் பார்த்தார்.

பாயில் தாழை புரண்டு படுத்தாள். இன்னும் கொஞ்ச நேரத்தில் எழுந்துவிடுவாள். சேந்தனுக்கு அந்த நேரத்தில் வேறு ஒன்றும் ஓடவில்லை. அடுப்பில் முந்தின நாள் நெருப்பு சாம்பலுக்குள் கனன்றுகொண்டிருந்தது. பொன்னை அதில் புதைத்தார். எடுத்தார், துடைத்தார், பானைக்குள் போட்டார், திரும்பிப் போய்ப் படுத்துக் கண்ணை மூடிக்கொண்டார்.

தாழை எழுந்தாள். பானைக்குள் கை போனது. வழக்கத்தைவிடச் சற்று நேரம் கழித்து, "புள்ளை நல்லாயிருக்கான்" என்றாள்.

அதற்குப் பிறகு தினமும் அவர் அவளுக்கு முன்னால் எழுந்தார்.

இருபது நாள் இப்படிப் போனது. பிறகு அவர் மலையேறினார்.

* * *

முகடுமலையில் அப்போது ஆசானாக இருந்தவள் வெண்ணி. முப்பது வயதுகூட ஆகவில்லை. ஆனாலும் ஊரே அவளைத் தாயி என்றுதான் கூப்பிடும்.

அவள் முழங்கால் தண்ணீரில் அசையாமல் நின்றுகொண்டிருந்தாள். சேந்தன் கரையில் நின்று கும்பிட்டார்.

"என்ன வேணும், ஐயா?"

"உங்ககிட்ட சீடனாச் சேரணும், தாயி."

வெண்ணி அவரை ஏற இறங்கப் பார்த்தாள். "உங்க பேரனையா சேர்க்கணும்?"

"என்னையத்தான்."

"வீட்ல என்ன சொல்லிட்டு வந்தீங்க?"

"கயிறு திரிச்சுத் திரிச்சு அலுத்துப்போச்சு, வேற வேலை கத்துக்கப் போறேன்னு சொன்னேன்."

"அதுக்கு அவங்க என்ன சொன்னாங்க?"

"ஒண்ணும் சொல்லலை. சோறு கட்டிக் கொடுத்தா."

வெண்ணி சிரித்தாள். "சரி. இறங்குங்க."

சேந்தன் இறங்கவில்லை. "அதுக்கு முன்னாடி ஒண்ணு கேக்கணும். குளிர்ந்துபோன பொன் மறுபடி சூடாகுமா?"

"யாரோடது குளிர்ந்தது?"

"யாரோடதும் இல்லை. சும்மா தெரிஞ்சுக்கலாம்னு."

"சும்மா கேக்கிற கேள்விக்கு அவசரமா பதில் வேணுமா?" என்றாள் அவள். "வேட்டியை மடிச்சுக் கட்டிட்டு இறங்குங்க. தண்ணி ஜில்லுன்னு இருக்கும். கத்தக் கூடாது."

சேந்தன் இறங்கினார். கத்தவும் செய்தார்.

வெதுப்பொன்னைக் கண்ணால் தேட முடியாது, கூழாங்கல்லோடு கூழாங்கல்லாகக் கிடக்கும். காலால்தான் தேட வேண்டும். ஓரிடத்தில் மிதித்துக்கொண்டு நூறு எண்ணும்வரை அசையாமல் நிற்க வேண்டும். மற்றக் கற்கள் காலின் சூட்டை வாங்கி வாங்கித் தண்ணீரில் விட்டுவிடும். பொன் மட்டும் விடாது. நூறு எண்ணி முடிக்கும்போது உள்ளங்காலில் ஒரே ஒரு இடம் குளிராமல் இருந்தால் குனிந்து எடுக்கலாம். பெரும்பாலும் இருக்காது. ஓரடி தள்ளி நின்று மறுபடி ஒன்றிலிருந்து எண்ண வேண்டும்.

சேந்தன் எண்ணினார். நாற்பதைத் தாண்டும்போதெல்லாம் ஆதன் ஞாபகம் வந்து எண்ணிக்கை தப்பிப்போகும். மறுபடி ஒன்று.

சாயங்காலம் வீட்டுக்கு இறங்கிவிடுவார். விடிவதற்கு முன்னால் அடுப்புச் சாம்பலில் வேலை. பிறகு மலை. ஒன்றரை மாதத்தில் ஒரு பொன்கூட அவர் காலில் அகப்படவில்லை. வெண்ணி அதைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை.

அவர்தான் வாரத்துக்கு ஒருமுறை கேட்பார். "தாயி, அன்னைக்கு ஒண்ணு கேட்டேனே."

"யாரோடது குளிர்ந்ததுன்னு நானும் கேட்டேனே."

"யாரோடதும் இல்லை."

"அப்ப எண்ணுங்க."

* * *

ஒருநாள் மத்தியானம் கீழேயிருந்து ஒரு கணவனும் மனைவியும் ஏறி வந்தார்கள். துறையில் வலை பின்னுகிறவர்கள். அவர்களுடைய மகள் கப்பலில் பாய் தைக்கப் போனவள். அந்தத் தாய் கையை மூடி நெஞ்சோடு வைத்திருந்தாள். கேட்க வேண்டியது ஒன்றும் இல்லை.

வெண்ணி தண்ணீரில் இறங்கி அவர்கள் பக்கத்தில் நின்றாள். சேந்தன் பாறை ஓரமாக ஒதுங்கிக்கொண்டார்.

தாய் கையைத் தண்ணீருக்குள் விட்டாள். நெடுநேரம் கை திறக்கவில்லை. கணவன் குனிந்து அவள் விரல்களைத் தன் கையால் பொத்திக்கொண்டார். அப்புறம் இரண்டு கையும் சேர்ந்து திறந்தது. பொன் எப்போது விழுந்தது என்று பார்த்தவர்களுக்கே தெரியவில்லை.

அப்போதுதான் அவள் மகளின் பெயரைச் சொன்னாள். மூன்று நாள் அடக்கி வைத்த பெயர். மலை முழுக்கக் கேட்டது. கணவன் அவளைத் தோளில் சாய்த்துக்கொண்டு அவரும் அழுதார். அழுது முடித்து, முகம் கழுவி, வெண்ணி கொடுத்த கஞ்சியைக் குடித்துவிட்டு இருவரும் மெல்ல இறங்கிப் போனார்கள்.

அவர்கள் போன பிறகு வெண்ணி பாறைப் பக்கம் வந்தாள். சேந்தன் துண்டை வாயில் அடைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"ஐயா, யாரோடது குளிர்ந்தது?"

"என் புள்ளையோடது."

"எப்ப?"

"ரெண்டு மாசம் ஆச்சு."

"ஏன் கொண்டு வரலை?"

சேந்தன் சொன்னார். பானை, சாம்பல், விடியற்காலை, எல்லாவற்றையும் சொன்னார். சொல்லும்போது அவள் முகத்தைப் பார்க்கவில்லை. நெருப்பு என்ற இடம் வந்ததும் நிறுத்தி, "தப்புதான், தாயி. தெரிஞ்சேதான் செஞ்சேன்" என்றார்.

வெண்ணி திட்டவில்லை. "அவங்களுக்குத் தெரியாதா?"

"தெரியாது. தெரிஞ்சா அவ இருக்க மாட்டா. அவளே சொல்லியிருக்கா. ரெண்டைப் பறிகொடுத்தப்போ எப்படிக் கிடந்தான்னு நான் பார்த்தவன். இதுவும் போச்சுன்னா அவளை நான் எப்படி மீட்டெடுப்பேன்?"

"கப்பல் வந்துட்டா?"

"இன்னும் ரெண்டு சின்ன நிலவு இருக்கு. அதுவரைக்குமாவது அவ சோறு தின்னட்டும், தூங்கட்டும்." அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "சாம்பல் சூடு நிக்க மாட்டேங்குது. அவ தொடுறதுக்குள்ள ஆறிடுமோன்னு தினம் எனக்கு உசிரு போய் உசிரு வருது. ஆறாத மாதிரி அதைச் செய்ய ஏதாவது வழி இருந்தா சொல்லுங்க. அதுக்காகத்தான் வந்தேன். வேலை கத்துக்க வரலை."

"அது எனக்கு முதல் நாளே தெரியும். வேலை கத்துக்க வந்தவர் ஒண்ணரை மாசத்துல ஒரு தடவையாவது நூறு எண்ணியிருப்பார்."

சேந்தன் தலையைக் குனிந்துகொண்டார்.

"வழி இருக்கு" என்றாள் வெண்ணி.

அவர் நிமிர்ந்தார்.

"நெருப்புப் பட்டதை ஒண்ணும் செய்ய முடியாது. புதுசு ஒண்ணு தரேன். பார்க்க எல்லாம் ஒரே மாதிரிதான் இருக்கும். ஆனா பொன்னுக்கு உசிரோட இருக்கிற உடம்பு வேணும். யாரோட சூட்டை ஏத்தட்டும்?"

"என்னோடது போதுமா?"

"போதும்."

"அவளுக்கு வித்தியாசம் தெரியுமா?"

"எனக்கு எப்படித் தெரியும்? நான் அவங்களைப் பார்த்ததுகூட இல்லை."

சேந்தன் ஆற்றைப் பார்த்தார். "தாயி, இது ஏமாத்து வேலைதானே? நீங்க இதுக்குத் துணை போகலாமா?"

"வேண்டாம்னா சொல்லுங்க, வேற யாருக்காவது ஆகும்."

"வேணும்" என்றார் அவர் அவசரமாக.

"ஒண்ணே ஒண்ணு. பானைக்குள்ள போட்டுட்டுப் போய்ப் படுத்துக்கக் கூடாது. நீங்களே அவங்க கையில வைக்கணும். வெச்சுட்டு அங்கேயே உட்கார்ந்திருக்கணும். முடியுமா?"

"அது எதுக்கு?"

"முடியுமான்னு கேட்டேன்."

"முடியும்" என்றார் சேந்தன். குரலில் அத்தனை உறுதி இல்லை.

* * *

மலை இடுக்கில் பகல் சின்னது. சூரியன் தாமதமாக எட்டிப் பார்த்து, சீக்கிரமே முகட்டுக்குப் பின்னால் போய்விடும். மறுநாள் வெயில் குடிசைக் கூரையைத் தொட்டதும் வெண்ணி பொன்னை அவர் உள்ளங்கையில் வைத்து மூடினாள். வெயில் மறைந்ததும் திறந்து பார்த்தாள். தன் கன்னத்தில் வைத்துப் பார்த்தாள்.

"குளிர்ந்துதான் கிடக்கு. நாப்பது வருஷம் கயிறு திரிச்ச கை இல்லையா, சூடு வெளியே வர வழியே இல்லை."

சேந்தனின் முகம் வாடிவிட்டது. "அப்ப ஆகாதா?"

"ஏன் ஆகாது? நாளைக்குக் கக்கத்துல வெச்சுக்குங்க. பிள்ளைக்குக் காய்ச்சல் பார்ப்பாங்களே, அந்த மாதிரி."

அடுத்த நாள் அவர் இடது கையை உடம்போடு ஒட்டி வைத்துக்கொண்டு நாள் முழுக்கப் பாறையில் உட்கார்ந்திருந்தார். எறும்பு கடித்தது, அசையவில்லை. தும்மல் வந்தது, அதையும் கையை இறுக்கிக்கொண்டே தும்மினார். வெண்ணி கஞ்சியைக் கொண்டுவந்து வலது கையில் கொடுத்தாள்.

"என்ன ஐயா, அடைகாக்கிற கோழி மாதிரி இருக்கீங்க."

சேந்தனுக்குச் சிரிப்பு வந்தது. சிரித்தால் கை தளர்ந்துவிடுமோ என்று பயந்து அடக்கிக்கொண்டார். இரண்டு மாதத்தில் அவருக்கு வந்த முதல் சிரிப்பு அது.

வெயில் மறைந்தது. வெண்ணி பொன்னை வாங்கித் தன் மணிக்கட்டின் உள்பக்கம் வைத்துப் பார்த்தாள். சற்று நேரம் அப்படியே வைத்திருந்தாள்.

"ஏறிடுச்சு" என்றாள். "நல்ல சூடு."

* * *

மறுநாள் விடியற்காலை சேந்தன் எழுந்தார். வழக்கம்போல அடுப்பருகே போகவில்லை. பானையில் இருந்த பழைய பொன்னை எடுத்து மடியில் சொருகிக்கொண்டு, புதியதைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

தாழை எழுந்தாள். அவர் உட்கார்ந்திருப்பதைப் பார்த்து நின்றாள்.

"என்ன, தூக்கம் வரலையா?"

"நீ உட்காரு. இன்னைக்கு நான் எடுத்துத் தரேன்."

அவள் எதிரில் உட்கார்ந்து கையை நீட்டினாள். அவர் பொன்னை அதில் வைத்தார். எழுந்து வெளியே ஓடிவிடலாம் என்று கால் பரபரத்தது. ஆசானுக்குக் கொடுத்த வாக்கு ஞாபகம் வந்து அப்படியே உட்கார்ந்திருந்தார்.

தாழை கையை மூடினாள். கண்ணை மூடிக்கொண்டாள். வெளியே பால்காரி கூவிக்கொண்டு போனாள். தெருக்கோடிவரை போய்த் திரும்பியும் வந்துவிட்டாள். தாழை கண்ணைத் திறக்கவில்லை.

"என்ன தாழை? புள்ளை நல்லாயிருக்கான்தானே?"

"ஏங்க" என்றாள் அவள். "இது உங்க சூடு."

"என்ன சொல்றே?"

"இது உங்களுது. எனக்குத் தெரியாதா? முப்பத்தஞ்சு வருஷமா பக்கத்துல படுக்கிறேன்."

சேந்தன் பார்வையை அடுப்புப் பக்கம் திருப்பிக்கொண்டார்.

"ஆதன் என்னை மாதிரி. அவனுக்கு எப்பவும் கை கால் கொஞ்சம் ஜில்லுன்னுதான் இருக்கும். இது அவன் இல்லை." அவள் கையை இன்னும் திறக்கவில்லை. "நேத்து வரைக்கும் இருந்தது அடுப்புச் சூடு."

"தெரியுமா உனக்கு?"

"தெரியும்."

"எப்பத்திலேருந்து?"

"முதல் நாள்லேருந்து." அவள் வலது கையின் விரல் நுனிகளைக் காட்டினாள். சின்னச் சின்னதாகத் தழும்புகள். "சில நாள் ரொம்பச் சுட்டுப்புடுவீங்க. உங்க கைக்குத் தெரியாது."

சேந்தன் அந்த விரல்களைப் பார்த்தார். தொடத் தயங்கினார்.

"தெரிஞ்சும் ஏன் தினம் தினம் நல்லாயிருக்கான் நல்லாயிருக்கான்னு சொன்னே?"

"நான் சொன்னதும் பாயில படுத்திருக்கிற நீங்க மூச்சு விடுவீங்க. அது வரைக்கும் அடக்கி வெச்சிருப்பீங்க. அந்த மூச்சு வர்றதுக்காகச் சொன்னேன்." தாழையின் குரல் இப்போதுதான் உடைந்தது. "நீங்களே ஒருநாள் சொல்லுவீங்கன்னு இருந்தேன். நீங்க சொல்லலை. மலைக்குப் போறேன்னு கிளம்புனீங்க. அதுவும் நல்லதாப் போச்சு. பகல்ல வாய்க்குள்ள துணியை வெச்சுக்கிட்டு அழ முடிஞ்சுது."

சேந்தன் மடியிலிருந்த பழைய பொன்னை எடுத்துத் தரையில் வைத்தார். சாம்பல் ஏறிக் கறுத்துப்போயிருந்தது. ஆதனின் அம்மாவும் ஆதனின் அப்பாவும் அதற்கு இந்தப் பக்கம் ஒருவரும் அந்தப் பக்கம் ஒருவருமாக உட்கார்ந்திருந்தார்கள்.

"நீ இருக்க மாட்டேன்னு சொன்னியே, தாழை."

"சொன்னேன்தான்."

"அதான் பயந்துட்டேன்."

"நீங்க தினமும் எனக்கு முன்னாடி எந்திரிச்சு அடுப்புக்கிட்ட உட்கார்ந்து ஊதிக்கிட்டிருக்கிறதைக் கண்ணை மூடிக்கிட்டுக் கேட்டுக்கிட்டே படுத்திருப்பேன். இந்த மனுஷனை இப்படியே விட்டுட்டு நான் எங்கே போக?"

அவர் அவள் பக்கமாக நகர்ந்து உட்கார்ந்தார். ஆற்றில் விடாமல் வாய் திறந்து அழக் கூடாது என்று வழக்கம். அன்றைக்கு அந்த வீட்டில் வழக்கத்தை யாரும் பொருட்படுத்தவில்லை. "ஆதா" என்று முதலில் கூப்பிட்டது சேந்தன்தான்.

* * *

மூன்றாம் நாள் இருவரும் மலையேறினார்கள். காலையில் மழை பெய்து ஓய்ந்திருந்தது. வெண்ணி வாசலிலேயே நின்றிருந்தாள். தாழையைப் பார்த்ததும் அருகில் போய் அவள் கையிலிருந்த தூக்குப்பாத்திரத்தை வாங்கிக் கீழே வைத்தாள்.

"வாங்கம்மா."

"இவர் உங்களை ரொம்பத் தொந்தரவு பண்ணிட்டாராமே" என்றாள் தாழை.

"ஆத்துல இறங்கினப்போ போட்ட சத்தத்துல மீனெல்லாம் ஊரைவிட்டே போயிடுச்சு. மத்தபடி தொந்தரவு இல்லை."

தாழை சிரித்தாள். சிரிக்கும்போதே கண் நிறைந்தது.

"நெருப்புப் பட்டதை ஆறு வாங்குமா, தாயி?" என்று கேட்டார் சேந்தன்.

"இன்னொருத்தருக்கு உதவாது. அவ்வளவுதான். உங்க புள்ளையை விட்டுட்டு வரத்தானே வந்தீங்க? விடுங்க."

மூவரும் தண்ணீரில் இறங்கினார்கள். கறுத்துப்போன அந்தப் பொன் விழுந்த இடம் மட்டும் தெளிவாகத் தெரிந்தது. தாழை மகனின் பெயரை மூன்று முறை சொன்னாள். சத்தமாகச் சொல்லவில்லை. கப்பலுக்குக் கிளம்புகிறவனை வாசலில் நின்று கூப்பிடுகிற மாதிரி சொன்னாள். சேந்தன் அவள் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

கரையேறி ஈரத்தைப் பிழிந்துகொண்டார்கள். தாழை கொண்டுவந்த சோற்றை மூவரும் பகிர்ந்து சாப்பிட்டார்கள். பிறகு தாழை தூக்குப்பாத்திரத்தை எடுத்துக்கொண்டு முன்னால் இறங்கிப் போய், திருப்பத்தில் அவருக்காக நின்றாள்.

சேந்தன் கிளம்பாமல் நின்றுகொண்டிருந்தார்.

"இன்னும் என்ன, ஐயா?"

"உங்க பொன்னு ரெண்டை வீணடிச்சுட்டேன், தாயி. ஒண்ணு நெருப்புல போச்சு. இன்னொண்ணையாவது திருப்பிக் கொடுத்துடலாம், யாராவது கப்பலுக்குப் போற புள்ளைக்கு ஆகும்னு அவகிட்ட கேட்டேன்."

"என்ன சொன்னாங்க?"

"தர மாட்டேங்கிறா. முந்தானையில முடிஞ்சு வெச்சிருக்கா. குளிக்கும்போதுகூட அவிழ்க்கிறதில்லை."

வெண்ணி திருப்பத்தைப் பார்த்தாள். தாழை முந்தானை முடிச்சைக் கையில் பிடித்தபடி கீழே கடலைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எனக்கு ஒண்ணு புரியலை" என்றார் சேந்தன். "நான் என்ன கப்பலுக்கா போறேன்? பொழுதன்னைக்கும் அவ பக்கத்துலதான் கிடக்கிறேன். பக்கத்துலயே இருக்கிறவனோட சூடு அவளுக்கு எதுக்கு? கேட்டா பதில் சொல்ல மாட்டேங்கிறா. நீங்களாவது சொல்லுங்க. நான் என்ன செய்யணும்?"

வெண்ணி அவர் தோளிலிருந்து நழுவிய துண்டை எடுத்து ஒழுங்காகப் போட்டுவிட்டாள்.

"மழையில பாறையெல்லாம் வழுக்கும், ஐயா" என்றாள். "பார்த்து இறங்குங்க. அவங்க முந்தானையில இருக்கிறது ஆறிடக் கூடாது."